தகப்பனுக்கும் மகனுக்கும் நடுவே ஒருவர்

1755இல் ஹைதர் அலி மைசூர் அரசின் ஃபௌஜ்தாராகத் திண்டுக்கல்லுக்கு வந்தபோது அவருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. மூத்த மகன் திப்புவுக்கு அப்போது ஐந்து வயதுக்குள்தான் இருக்கும். முத்துக்கிருஷ்ணப்ப நாயக்கர் 1605இல் கட்டத் தொடங்கி, திருமலை நாயக்கர் வலுப்படுத்திய பாறைக்கோட்டை, அடங்காத பாளையக்காரர்கள், பணம் வராத சீமை: இவைதான் ஹைதருக்குக் கிடைத்தவை. பாளையங்களை அடக்கினார், கிடைத்த பணத்தில் ஆள் சேர்த்தார், பிரெஞ்சுக்காரர்களைக் கொண்டு இந்தக் கோட்டையில் ஆயுதச் சாலை அமைத்தார். பிற்காலத்தில் கிழக்கிந்தியக் கம்பெனிப் படைகளைத் திணறடித்த மைசூர்ப் படைக்கு இங்கேதான் கால்கோள். அவருடைய தங்கை அமீருன்னிசா பேகத்தின் அடக்கத்தலம் இருப்பதால்தான் நகரின் ஒரு பகுதிக்குப் பேகம்பூர் என்று பெயர். கோட்டைக்கு ஏறுகிறவர்கள் பீரங்கி மேடைகளைப் பார்த்து, படம் எடுத்து, சிறுமலைப் பக்கம் காற்று வாங்கிவிட்டு இறங்குகிறார்கள். அந்தப் பாறையின் வரலாற்றில் ஒரு கேள்வி இருப்பதாக எனக்கு வெகுநாளாகத் தோன்றுகிறது. தன் கையாலேயே எல்லாம் சம்பாதித்த ஒரு போர்வீரன் தன் மகனுக்கு எதைக் கொடுக்க முடியும்? வாளைக் கொடுக்கலாம். அதைப் பிடிக்கும் கையைக் கொடுக்க முடியுமா?

இந்தக் கேள்வியை ஜப்பானிய வாள்வீரக் குடும்பங்களை முன்வைத்துத்தான் பெரும்பாலும் பேசுகிறார்கள். திரைப்படங்களும் நாவல்களும் அவர்களை நமக்கு அறிமுகப்படுத்திவிட்டன. அங்கே போய்ப் பார்க்க வேண்டியது நிறையவே உண்டு, போவோம். ஆனால் புறநானூற்றிலிருந்து சிலம்பக் களம் வரை நம்மிடமும் இதற்குச் சான்றுகள் கிடக்கின்றன. எல்லாவற்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்ததில் எனக்குப் படுவது இதுதான்: தகப்பனும் மகனும் போட்டியிட்டதால் கலை கெட்டதில்லை. கற்றுக்கொடுப்பவரும் தேர்ந்தவன் என்று தீர்ப்பளிப்பவரும் ஒரே தகப்பனாக இருந்த இடத்தில்தான் கெட்டது. பழையவர்களுக்கு இது தெரிந்திருந்தது. அதனால் நடுவில் மூன்றாமவர் ஒருவரை வைத்தார்கள்.

ஹைதரும் அதைத்தான் செய்தார். மகனுக்கு எழுத்தும் மார்க்கமும் சொல்லித்தர அறிஞர்களை வைத்தார். படைப்பயிற்சிக்குக் காஸி கான் என்ற தளபதியை அமர்த்தினார். தாம் பெறாத கல்வியை மகன் பெறட்டும் என்று நினைத்த தகப்பன் அவர். வாள் பிடிக்கத் தாமே கற்றுக்கொடுத்திருக்கலாம். அதற்கு அவரைவிடத் தகுதியானவர் அந்தச் சீமையில் இல்லை. ஆனாலும் வேறொருவரிடம் விட்டார். சிக்கல் பிறகு வந்தது. மகன் வளர்ந்து களத்துக்கு வந்ததும் இடையிலிருந்த ஆசான் விலகிவிட்டார். தகப்பனே தளபதி, மகன் அவர் கீழே ஒரு படைத்தலைவன் என்றாகிவிட்டது.

1771இல் மேலுக்கோட்டைக்கு அருகே சின்குரளியில் மராத்தியரிடம் மைசூர்ப் படை படுதோல்வி அடைந்தது. அன்று நடந்ததை மார்க் வில்க்ஸ் தம் தென்னிந்திய வரலாற்றில் எழுதியிருக்கிறார். இரவோடு இரவாகப் படை பின்வாங்கிக்கொண்டிருக்கிறது. ஹைதர் ஆளனுப்பியும் திப்பு உரிய நேரத்தில் வந்து சேரவில்லை. விடிந்து வந்து நின்ற மகனை எல்லார் முன்னிலையிலும் வாயில் வந்தபடி ஏசி, பக்கத்தில் நின்றவனிடமிருந்து பிரம்பைப் பிடுங்கி அடித்தார் தகப்பன். மகனுக்கு இருபது வயது. அவன் திருப்பி அடிக்கவில்லை. தலைப்பாகையையும் வாளையும் தரையில் வீசிவிட்டு, தகப்பனார் தம் போரைத் தாமே நடத்திக்கொள்ளட்டும், இன்று நான் வாள் எடுப்பதில்லை என்று சத்தியம் செய்தான். வில்க்ஸ் கம்பெனிக்காரர், திப்புவிடம் அவருக்கு அன்பு கிடையாது. அதைக் கழித்துக்கொண்டு படித்தாலும் காட்சியின் அமைப்பு நம்பும்படியாகவே இருக்கிறது. வீட்டில் விழுந்திருந்தால் அது சாதாரண அடி. படைவீரர் நடுவே விழுந்தபோது அது ஒரு தீர்ப்பு. இவன் எனக்குப் பின் வரத் தகுந்தவனா என்ற கேள்விக்கு, அடித்த தகப்பனே பதிலும் சொல்லிவிட்டார்.

திப்பு அந்தப் பதிலை ஏற்கவில்லை என்பதற்கு அவருடைய மீதி வாழ்க்கையே சாட்சி. 1780 செப்டம்பரில் பொள்ளிலூரில் கம்பெனித் தளபதி பெய்லியின் படையை வளைத்துப் பிடித்ததில் அவருக்குப் பெரும்பங்கு உண்டு. 1782 டிசம்பரில் சித்தூர்ப் பக்கத்துப் பாசறையில் ஹைதர் இறந்தபோது திப்பு மலபாரில் இருந்தார். அவர் வந்து சேரும்வரை சாவுச் செய்தியை வெளியில் விடாமல் காத்தார்கள். பட்டத்துக்கு வந்த கையோடு அவர் செய்தவற்றில் ஒன்று, படைக்கு இலக்கண நூல் எழுதவைத்தது. ஃபத்ஹுல் முஜாஹிதீன் என்ற அந்தப் பாரசீக நூலை அவர் மேற்பார்வையில் ஜைனுல் ஆபிதீன் ஷுஸ்தரி தொகுத்தார். அணிவகுப்பு, ஆணைச் சொற்கள், ஒழுங்கு எல்லாம் அதில் உண்டு. எழுதப் படிக்கத் தெரியாத தகப்பன் கையிலும் கண்ணிலும் வைத்திருந்த கலையை, படித்த மகன் ஏட்டில் ஏற்றினான். இதைப் பகை என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. தகப்பனை மிஞ்ச அவருக்குக் கிடைத்த வழி அது. ஸ்ரீரங்கப்பட்டணத்தில் தகப்பனுக்குக் கும்பஸ் என்ற கல்லறை மண்டபம் கட்டியதும் அதே மகன்தான். 1799 மே மாதத்தில் கோட்டை வாசலில் சண்டையிட்டு மடிந்த அவரையும் அங்கேயே தகப்பன் பக்கத்தில் அடக்கம் செய்தார்கள்.

இந்த வரலாற்றில் திண்டுக்கல் இன்னொரு முறை வருகிறது. 1790இல் கர்னல் ஸ்டூவர்ட் இந்தக் கோட்டையைப் பிடித்தார். 1792 மார்ச் மாத ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கையில் திண்டுக்கல் சீமை கம்பெனிக்குப் போனது. அதே உடன்படிக்கைக்குப் பிணையாகத் திப்புவின் பிள்ளைகள் அப்துல் காலிக்கும் முயிசுத்தீனும் கம்பெனியின் கவர்னர் ஜெனரல் காரன்வாலிஸிடம் ஒப்படைக்கப்பட்டார்கள். இருவருமே சிறுவர்கள், சென்னையில் இரண்டு ஆண்டு இருந்து 1794இல்தான் வீடு திரும்பினார்கள். பாட்டன் கால் ஊன்றிய மண்ணும் பேரப்பிள்ளைகளும் ஒரே ஏட்டில் எழுதிக் கொடுக்கப்பட்டதை, இந்த ஊர்க்காரன் என்ற முறையில் என்னால் சாதாரணமாகப் படித்துக் கடக்க முடிவதில்லை. வாள் எடுத்த பரம்பரையின் மூன்றாம் தலைமுறை வேலூர்க் கோட்டையில் காவலில் இருந்தது. 1806 ஜூலை 10 எழுச்சியில் சிப்பாய்கள் மூத்தவர் ஃபத்தே ஹைதரின் பெயரைச் சொல்லி எழுந்தார்கள். அது அடங்கியதும் குடும்பத்தையே கல்கத்தாவுக்குக் கொண்டுபோய்விட்டார்கள். திப்புவின் படுக்கையறையில் இருந்த வாள் மேஜர் ஜெனரல் பேர்டுக்குப் பரிசாகப் போய், பல கை மாறி, 2023 மே மாதம் லண்டன் போன்ஹாம்ஸ் ஏலத்தில் 1 கோடியே 40 லட்சம் பவுண்டுக்கு விலைபோனது.

அரசியல் வாரிசு வேறு, ஆயுதக் கலையின் வாரிசு வேறு என்று ஒருவர் சொல்லலாம். பழந்தமிழில் இந்த இரண்டும் பிரிந்திருக்கவில்லை. தகப்பன்-மகன் போருக்கு நம் இலக்கியத்தில் கோப்பெருஞ்சோழனை விஞ்சிய சான்று கிடையாது. உறையூர்ச் சோழன் அவன். பெற்ற பிள்ளைகள் இருவர் அவன்மேல் படையெடுத்து வந்தார்கள். இவனும் படை திரட்டிக்கொண்டு புறப்பட்டான். அப்போது குறுக்கே வந்து நின்றவர் புல்லாற்றூர் எயிற்றியனார் என்ற புலவர். புறநானூற்றின் 213ஆம் பாட்டு அவர் சொன்னது. எதிரே வருகிறவர்கள் சேரரோ பாண்டியரோ அல்லர். நீ இறந்தபின் இந்த நாடு அவர்களுக்குத்தான். அவர்கள் தோற்றால் நாட்டை யாரிடம் விட்டுப் போவாய்? நீ தோற்றால் உன் பகைவர் மகிழ மாட்டார்களா? இப்படிப் போகிறது அவருடைய வாதம். பாசத்தை நினைவூட்டி அவர் அழவில்லை. நீ ஜெயித்தாலும் தோற்றாலும் நட்டம் உனக்கே என்று கணக்குக் காட்டுகிறார். அப்படிப் பேச மூன்றாம் மனிதரால்தான் முடியும். தாய் பேசியிருந்தால் அது கெஞ்சலாகியிருக்கும். அமைச்சர் பேசியிருந்தால் கட்சி கட்டியது போலாகியிருக்கும். சோழன் போரை விட்டான். பிறகு வடக்கிருந்து உயிர் துறந்தான். பிசிராந்தையார் வந்து உடன் இருந்து உயிர்விட்டார். அந்த நட்பைப் பள்ளிக்கூடத்தில் எல்லாரும் படித்திருக்கிறோம். அதற்கு முன் நின்ற இந்தப் போரையும் அதைத் தடுத்த புலவரையும் பாடப்புத்தகங்கள் அவ்வளவாகச் சொல்வதில்லை.

பொன்முடியார் பாடிய 312ஆம் பாட்டும் இங்கே வேண்டும். ஒரு வீரன் உருவாவதில் யார் யாருக்கு என்ன கடமை என்று அதில் ஒரு தாய் பங்கு பிரிக்கிறாள். பெறுவது தனக்கு, சான்றோன் ஆக்குவது தகப்பனுக்கு, வேல் வடித்துத் தருவது கொல்லனுக்கு, நல்ல நடையைத் தருவது வேந்தனுக்கு, களத்தில் யானையைச் சாய்த்துத் திரும்புவது மகனுக்கு. தகப்பன் கையில் வேல் இல்லை என்பதைக் கவனிக்க வேண்டும். ஆயுதம் கொல்லன் வீட்டிலிருந்து வருகிறது. பாராட்டும் தண்டனையும் அரசனிடமிருந்து வருகின்றன. தகப்பனுக்கு ஒதுக்கப்பட்டது குணம் மட்டும். இந்தப் பாட்டைத் தாயின் வீரத்துக்காகவே இதுவரை மெச்சி வந்திருக்கிறோம். வேலையைப் பிரித்த அந்த நுட்பத்துக்காகவும் மெச்சலாம்.

பிரிக்காவிட்டால் என்ன ஆகும் என்பதற்குத் துரோணர் வீடு இருக்கிறது. அவரே ஆசான், அசுவத்தாமன் அவர் மகன், பாண்டவரும் கௌரவரும் கூடப் படிக்கிற பிள்ளைகள். ஆதிபருவத்தில் ஒரு சின்னச் சம்பவம் வரும். தண்ணீர் மொண்டுவர மற்றவர்களுக்குக் குறுகிய வாய்ப் பாத்திரமும் தம் மகனுக்கு அகன்ற வாய்ப் பாத்திரமும் கொடுத்து அனுப்புவார் துரோணர். மகன் சீக்கிரம் நிரப்பிக்கொண்டு ஓடி வருவான். மற்றவர் வருவதற்குள் அவனுக்குத் தனியாக ஒரு பாடம் நடக்கும். அர்ஜுனன் இதைக் கண்டுபிடித்து, வருணாஸ்திரத்தால் தன் பாத்திரத்தை நிரப்பிக்கொண்டு சேர்ந்தே வந்து நிற்பான். கதை முழுவதுக்கும் இந்தப் பாத்திரத்தின் வாய்தான் திறவுகோல் என்று எனக்குத் தோன்றும். ஒளித்துக் கொடுத்த பாடம் மகனுக்குச் செரிக்கவில்லை. போர் முடிந்த பின், சௌப்திக பருவத்தில், இருவரும் பெரிய அஸ்திரத்தை விடுகிறார்கள். திரும்ப அழையுங்கள் என்று முனிவர்கள் சொன்னபோது அர்ஜுனனால் அழைக்க முடிகிறது. அசுவத்தாமனால் முடியவில்லை. விடுவதற்கு மட்டும் கற்றவன் அவன். கேட்டுக் கேட்டு நச்சரித்த மகனுக்கு மனமில்லாமலே அதைத் தந்ததாகத் துரோணரைப் பற்றிச் சொல்லப்படுகிறது. தகுதி பார்த்துத் தர வேண்டிய இடத்தில் தகப்பனாக இருந்து தந்துவிட்டார். கடைசியில் அவரை வீழ்த்தியதும் மகன் இறந்தான் என்ற ஒரு சொல்தான்.

அபிமன்யு இதற்கு மறுபக்கம். சக்கர வியூகத்துக்குள் போகும் வழி தகப்பனிடமிருந்து அவனுக்கு வந்தது, வெளியே வரும் வழி வரவில்லை. பப்ருவாகனன் மணலூரில் தாய் வீட்டில் தகப்பன் அருகில் இல்லாமல் வளர்ந்தவன். வேள்விக் குதிரையோடு வந்த அர்ஜுனனை மரியாதையோடு எதிர்கொள்ளப் போனான்; க்ஷத்திரியன் செய்கிற காரியமா இது என்று அர்ஜுனன் ஏசினான். பிறகு நடந்த சண்டையில் மகன் அம்பில் தகப்பன் விழுந்தான், எழுப்பியவள் உலூபி. லவகுசர்களுக்கு ஆசானாக வால்மீகி இருந்தார். பாரசீகத்தில் ருஸ்தமும் சொஹ்ராபும் யார் என்று தெரியாமலே மோதினார்கள். உண்மை தெரிந்தபோது மகன் செத்துக்கொண்டிருந்தான். அங்கே நடுவில் நின்று சொல்ல ஒருவரும் இல்லை.

இனி ஜப்பான். மியாமொதோ முசாஷியின் தகப்பன் முனிசாய் வாளிலும், ஜித்தே என்ற இரும்புக் கோலிலும் பேர் பெற்றவர். பிற்காலத்தில் எழுதப்பட்ட ஒரு வாழ்க்கைக் குறிப்பு சொல்வது இது: சிறுவன் முசாஷி தகப்பனுடைய ஜித்தே முறையைக் குறை சொல்லியிருக்கிறான். பல் குத்தும் குச்சி சீவிக்கொண்டிருந்த முனிசாய் கையிலிருந்த கத்தியை அவன்மேல் எறிந்தார். பையன் முகத்தைத் திருப்பித் தப்பினான். இன்னொன்றை எறிந்தார், அதிலும் தப்பினான். பிறகு வீட்டை விட்டு ஓடி, துறவியாக இருந்த உறவினர் ஒருவரிடம் போய் வளர்ந்தான். கதை நடந்தபடியே எழுதப்பட்டதா என்பதைவிட, முசாஷியின் வாழ்க்கை அதற்கு எவ்வளவு ஒத்துப்போகிறது என்பதுதான் எனக்கு முக்கியம். முனிசாய் ஷோகன் அஷிகாகா யோஷியாகியின் முன்னிலையில் கியோட்டோவின் யோஷியோகா வாள்குடும்பத்தவரோடு மூன்று சுற்று மோதி இரண்டில் வென்றதாகக் கல்வெட்டு இருக்கிறது. மகன் 1604 வாக்கில் கியோட்டோவுக்குப் போய் அதே குடும்பத்தோடு அடுத்தடுத்து மோதி அவர்கள் பெயரையே சாய்த்தான். தகப்பன் மூன்றில் இரண்டு வென்ற இடத்தில் மகன் மூன்றையும் வென்றான். இதைத் தற்செயல் என்று எடுத்துக்கொள்ள என்னால் முடியவில்லை. 1645இல் இறப்பதற்கு முன் எழுதி முடித்த ஐந்து வளையங்களின் நூலில், எனக்கு ஆசான் என்று எவரும் இல்லை என்கிறார் முசாஷி. 13 வயதில் முதல் சண்டை, 60க்கு மேற்பட்ட மோதல், ஒன்றிலும் தோற்கவில்லை என்றெல்லாம் சொல்கிறவர், தகப்பனிடம் கற்றதாக ஒரு வரி எழுதவில்லை.

அவருக்குப் பெற்ற பிள்ளை வாரிசாக இல்லை. வளர்ப்பு மகன் இயோரி கொக்குராவில் பெரிய அதிகாரியாக உயர்ந்து, 1654இல் அங்கே குன்றின்மேல் தகப்பனுக்குக் கல் நாட்டினார். முனிசாயின் வெற்றியையும் முசாஷியின் வெற்றிகளையும் ஒரே கல்லில் எழுதிவைத்தவர் அவர்தான். பெற்றவனும் பிறந்தவனும் உயிரோடு இருந்தபோது ஒட்டவில்லை. வளர்ப்பு மகனாக வந்த மூன்றாம் தலைமுறை இருவரையும் ஒட்டவைத்தது. வாள்முறையோ வேறு வழியில் போனது. நூலைப் பெற்றுக்கொண்டவர் தெராவோ என்ற சீடர்.

யாக்யூ குடும்பத்தின் கதை இதைவிட நுணுக்கமானது. அதன் மூலவர் செகிஷூசாய் முனேயோஷி ஏற்கெனவே பேர்பெற்ற வீரராக இருந்தும், கமிஇசுமி நொபுத்சுனாவைச் சந்தித்துத் தோற்று, அவரிடமே சீடராகச் சேர்ந்து 1565இல் தேர்ச்சிச் சான்று பெற்றவர். 1594இல் தொகுகவா இயேயாசுவின் முன்னால் வெறுங்கையால் வாளை மடக்கிக் காட்டினார். ஆசானாக வந்துவிடுங்கள் என்று இயேயாசு கேட்டபோது, வயதாகிவிட்டது என்று சொல்லி மகன் முனேனோரியை அனுப்பிவைத்தார். முனேனோரி எடோவுக்குப் போய் ஷோகன்களுக்கே வாளாசான் ஆனார். தம் குடும்பக் கலையை 1632இல் நூலாக எழுதினார். பதவியும் செல்வமும் இந்தக் கிளையில். ஆனால் செகிஷூசாய் ஊரிலேயே வைத்துத் தாமே பாடம் சொன்னது மூத்த மகனின் பிள்ளை தொஷியோஷிக்கு. மூத்த மகன் துப்பாக்கிக் காயத்தால் முடங்கியிருந்தார். பாட்டன் பேரனுக்குச் சொன்ன அந்தப் பாடம் பின்னால் ஓவாரிக்குப் போய், கை மாறி மாறி இன்றுவரை அங்கே பயிலப்படுகிறது. பாட்டனுக்கும் பேரனுக்கும் இடையே போட்டி கிடையாது. பேரன் வென்றால் பாட்டனுக்கு நட்டம் ஒன்றுமில்லை. நம் வீடுகளிலும் தகப்பனிடம் வாய் திறக்காத பையன் தாத்தாவிடம் எல்லாம் கேட்டுக்கொள்வதைப் பார்க்கிறோமே, அதே கதைதான்.

எடோ கிளையில் முனேனோரிக்கும் மகன் ஜூபெய் மிட்சுயோஷிக்கும் நடந்தது இன்னொன்று. ஜூபெய் சிறு வயதிலேயே ஷோகன் இயேமிட்சுவின் அருகில் சேர்ந்தார். 1626இல் அங்கிருந்து விலக்கப்பட்டு, பன்னிரண்டு ஆண்டு கழித்துத்தான் திரும்ப முடிந்தது. அந்த இடைக்காலத்தில் அவர் ஊரூராய் ஒற்றறிந்தார் என்று நாவல்கள் கதை கட்டின. அவர் செய்தது குடும்பத்தின் வாள்முறையை ஆராய்ந்து எழுதியது. எழுதியதைத் தகப்பனிடம் காட்டினார். எல்லாவற்றையும் எரித்துவிடு என்றார் முனேனோரி. மனம் உடைந்த மகன் ஜென் துறவி தாகுவானிடம் போக, தாகுவான் ஏட்டைப் படித்து, தகப்பனார் சொன்னதன் உட்பொருளை விளக்கி, குறிப்பும் எழுதித் தந்தார். அதன்பின் தகப்பன் ஏற்றுக்கொண்டார் என்பது யாக்யூ மரபில் வழங்கும் செய்தி. எரிக்கச் சொன்னவர் கொடுமைக்காரர் அல்லர். நீ எழுதியதில் தொங்கிக்கொண்டிருக்காதே என்று ஆசானாகச் சொல்லியிருக்கலாம். ஆனால் தகப்பன் வாயிலிருந்து வரும்போது மகன் காதில் அது நீ எதற்கும் லாயக்கில்லை என்றுதான் விழும். சொன்னதையும் கேட்டதையும் பொருத்திக்காட்ட தாகுவான் வேண்டியிருந்தது. புல்லாற்றூர் எயிற்றியனார் உறையூரில் செய்த வேலையை இவர் எடோவில் செய்தார்.

எதிர்ச்சான்று இல்லாமல் இல்லை. முனேனோரி தகப்பனிடம் கற்று, தகப்பன் சொல்லி வேலைக்குப் போய், தகப்பனுக்குப் பெருமை சேர்த்தவர். ரத்தவழி வாரிசும் சிறக்கலாம் என்பதற்கு அவரே உதாரணம். அவர் 23 வயதில் வீட்டைவிட்டு வேறோர் ஊருக்கு, வேறோர் எசமானனிடம் போய்விட்டார் என்பதை மட்டும் நான் சேர்த்துக்கொள்வேன். அவருடைய கைக்கு விலை சொல்ல இயேயாசு இருந்தார்.

நம் சமவெளிக்கு வருவோம். 1772இல் காளையார்கோவிலில் சிவகங்கை மன்னர் முத்துவடுகநாதர் கொல்லப்பட்டபின் அவர் மனைவி வேலு நாச்சியார் திண்டுக்கல்லை ஒட்டிய விருப்பாட்சிப் பாளையத்தில் ஏறத்தாழ எட்டாண்டு இருந்தார். கோபால நாயக்கர் இடம் கொடுத்தார். ஹைதர் துணை கொடுத்தார். 1780இல் நாச்சியார் சிவகங்கையை மீட்டார். இராமநாதபுரம் செல்லமுத்து விஜயரகுநாத சேதுபதிக்கு ஆண் வாரிசு இல்லாததால் மகள் வேலு நாச்சியாருக்கு வாளும் சிலம்பமும் வளரியும் குதிரையேற்றமும் கற்பித்து வளர்த்தார். தகப்பனோடு ஒப்பிட்டு அவரை யாரும் அளக்கவில்லை. மகளுக்கு அந்த அளவுகோலே கிடையாது. அதனாலேயே அவர் கை தடையில்லாமல் வளர்ந்ததோ என்று நினைக்கத் தோன்றுகிறது. கோபால நாயக்கர் தலைமையில் பாளையங்கள் கூட்டுச் சேர்ந்து எழுந்தன. 1801இல் அவரைத் திண்டுக்கல்லில் தூக்கிலிட்டார்கள். அந்த ஆண்டு டிசம்பரில் கம்பெனி அறிக்கை வெளியிட்டுப் பாளையங்களின் ஆயுதங்களைப் பறித்தது. வாளும் ஈட்டியும் போயின. கம்பு மிஞ்சியது.

கம்போடு மிஞ்சியவர்கள் ஆசான்கள். எங்கள் பக்கம் வாத்தியார் என்பார்கள். முற்றிய மூங்கிலை வெட்டி, தண்ணீரில் ஊறவைத்து, தணலில் வாட்டி நேராக்கி, எண்ணெய் பூசி, ஆள் நெற்றி உயரத்துக்கு நறுக்குவார்கள். புதிதாக வரும் பிள்ளை கையில் அது உடனே கிடைக்காது. முதலில் காலடி வரிசைதான். முன்வைப்பு, பின்வைப்பு, திருப்பம் என்று வெறுங்காலால் மண்ணில் கோடு விழும்வரை மிதிக்க வேண்டும். கால் பிசகினால் வாத்தியார் தம் கம்பு நுனியால் கணுக்காலில் ஒரு தட்டுத் தட்டுவார். வேடசந்தூர்ப் பக்கம் ஒரு மாலை இந்தப் பயிற்சியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். மற்றப் பிள்ளைகளுக்கு வாத்தியார் தட்டும்போது சத்தமே இல்லை. ஒரே ஒரு பையனுக்கு மட்டும் சத்தம் கேட்டது. யாரென்று விசாரிக்க வேண்டியிருக்கவில்லை, முகச்சாடையே சொன்னது. துரோணர் மகனுக்கு அகன்ற பாத்திரம் கொடுத்தார்; இவர் தம் மகனுக்குக் கூடுதல் அடி கொடுக்கிறார். பாரபட்சம் என்று யாரும் சொல்லிவிடக்கூடாதே என்ற பயம் அது. இரண்டிலும் பையனுக்குக் கிடைக்காமல் போவது ஒன்றேதான்: மற்றப் பிள்ளைகளுக்குக் கிடைக்கும் சரியான அளவு.

சிலம்பத்தில் இதற்கு மருந்தும் இருந்தது. சலாம் வரிசை போட்டு வணங்கி இறங்கியபின், எதிராளியின் உடலில் கம்பு நுனி பட்டதா என்பதுதான் கணக்கு. நெற்றியில் பொட்டு வைத்ததுபோல் தொட்டுவிட்டால் பேச்சே இல்லை, ஆட்டம் முடிந்தது. திருவிழாக் கூட்டத்தில் நடப்பது. ஊர் கண்ணால் பார்க்கும். யார் மகன் என்பது அந்த இடத்தில் செல்லாது. கள்ளன்கம்பு, நாகசீறல், துடுக்காண்டம், குறவஞ்சி என்று வரிசைகளுக்குப் பல பெயர்கள் உண்டு. எந்த வாத்தியார் வழி என்று அவற்றைக் கொண்டே அடையாளம் சொல்வார்கள். தகப்பன் பெயரைக் கேட்பதற்கு முன் வாத்தியார் பெயரைக் கேட்பது களத்து மரபு. ரத்தத்தைவிடப் பாடத்தைப் பெரிதாக வைத்த மரபு இது என்று நான் மதிக்கிறேன்.

இன்று நிலைமை மாறியிருக்கிறது. சிலம்பம் கேலோ இந்தியாவில் இடம் பெற்றுவிட்டது. தமிழ்நாட்டு அரசுப் பணிகளில் விளையாட்டு வீரர்களுக்கான 3 சதவீத ஒதுக்கீட்டிலும் சேர்ந்திருக்கிறது. திண்டுக்கல் மாவட்டத்துப் பிள்ளைகள், அதிலும் பெண் பிள்ளைகள், பள்ளி விட்டதும் கம்போடு போவதைப் பார்க்க மனம் நிறைகிறது. ஆனால் சான்றிதழுக்கு வேலைவாய்ப்பு மதிப்பு வந்ததும், அதில் கையெழுத்துப் போடுவது யார் என்பது பழைய காலத்தைவிடப் பெரிய கேள்வியாகிவிட்டது. பயிற்சிப் பள்ளி நடத்துகிறவர் ஒருவர். அவர் பிள்ளையும் அங்கேதான் ஆடுகிறது. போட்டி நடத்தும் சங்கத்தில் அவரே பொறுப்பில் இருந்தால், நடுவர் நாற்காலியிலும் அவரோ அவர் சீடரோ உட்கார்ந்தால், நேர்மையாக ஆடி ஜெயித்த பிள்ளைக்குக்கூட அந்த வெற்றி முழுதாகச் சேராது. அடுத்த பள்ளிப் பிள்ளைகள் முணுமுணுப்பார்கள். அதைவிட, ஜெயித்த பிள்ளைக்கே மனத்துக்குள் சந்தேகம் வரும்.

சிலம்பச் சங்கங்கள் எழுத்தில் வைத்துக்கொள்ள வேண்டிய விதிகள் இரண்டு போதும். தம் வீட்டுப் பிள்ளையோ தம் பள்ளிப் பிள்ளையோ இறங்கும் ஆட்டத்துக்கு வாத்தியார் நடுவராக இருக்கக்கூடாது. வாத்தியார் வீட்டுப் பிள்ளை வேறொரு வாத்தியாரிடம் ஒரு வருடமாவது கற்றுத் தேறிய பிறகே அதற்கு ஆசான் பட்டம். நத்தத்துப் பிள்ளை ஒட்டன்சத்திரத்துக்கும், வத்தலக்குண்டுப் பிள்ளை வேடசந்தூருக்கும் போகட்டும். பஸ் வசதி இருக்கிறது. வாத்தியார்களும் ஒருவரை ஒருவர் அறிந்தவர்கள்தான். போகிற பிள்ளை அங்கே வேறொரு காலடியைப் பழகி, தகப்பன் வரிசையில் இல்லாத ஒரு வீச்சையும் கற்று வரும். திரும்பி வந்து தகப்பனோடு கம்பு சேர்க்கும்போது அவர் நெற்றியில் அது பொட்டு வைத்தாலும் வைக்கட்டும். அதைச் சரியாகப் பட்டது என்று சொல்ல, கோட்டுக்கு வெளியே இன்னொரு வாத்தியார் நிற்பார்.